கிளவுஸ் டோல்டிங்கர்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஜெர்மன் படங்களும் டிவி தொடர்களும் பார்க்கத் தொடங்கியவர்கள் சீக்கிரமே ஒரு பெயரைத் திரும்பத் திரும்பப் பார்ப்பார்கள்: இசை, கிளவுஸ் டோல்டிங்கர். அவரைப் பற்றி வழக்கமாக வரும் கேள்விகளையும், எனக்குத் தெரிந்த பதில்களையும் இங்கே தொகுத்திருக்கிறேன்.

யார் இந்த டோல்டிங்கர்?

1936 மே 12-ல் பெர்லினில் பிறந்த சாக்ஸபோன் கலைஞர், இசைக்குழுத் தலைவர், சினிமாவுக்கும் டிவிக்கும் இசையமைத்தவர். 2025 அக்டோபரில், 89 வயதில் காலமானார். 'டாட்டோர்ட்' துப்பறியும் தொடரின் டைட்டில் இசை, 'டாஸ் போட்' என்ற நீர்மூழ்கிப் போர்ப்படத்தின் இசை, 'நெவர் எண்டிங் ஸ்டோரி' படத்தின் இசை ஆகிய மூன்றும் அவர் பெயரை நிலைக்க வைத்தவை.

ஆனால் அவர் வாழ்க்கையை ஆண்டுவாரியாகப் பார்த்தால் மேடைதான் முதலில் வருகிறது. பள்ளிக்கூடப் பையனாக இருந்தபோது குழுவில் வாசிக்கத் தொடங்கியவர், எண்பது வயதைத் தாண்டியும் வாசித்தார். படங்களுக்கு இசையமைத்ததெல்லாம் அந்தக் கச்சேரி வாழ்க்கைக்கு நடுவில்தான். அவருடைய திரை இசை ஏன் அப்படி ஒலிக்கிறது என்பதற்கு இதுதான் காரணம் என்று நினைக்கிறேன். கீழே உள்ள பதில்களில் பல அங்கேயே வந்து நிற்கும்.

ஹிட்லர் காலத்து ஜெர்மனியில் பிறந்தவருக்கு ஜாஸ் எப்படிக் கிடைத்தது?

போர் முடிந்ததால் கிடைத்தது. நாஜி ஆட்சி ஜாஸை இழிந்த இசை என்று ஒதுக்கி வைத்திருந்தது. டோல்டிங்கர் குடும்பம் பெர்லினிலிருந்து வியன்னாவுக்குப் போய், போரின் கடைசிக் கட்டத்தில் பவேரியாவில் ஷ்ரோபன்ஹவுசன் என்ற சிற்றூருக்கு வந்து சேர்ந்தது. 1945-ல் அமெரிக்கப் படை அந்த ஊருக்குள் வந்தது. சிப்பாய்கள் வாசித்த ஜாஸை அந்த 9 வயதுப் பையன் அங்கேதான் முதன்முதலாகக் கேட்டான். அவரே பல பேட்டிகளில் சொன்ன விஷயம் இது. போர் போய் விடுதலை வந்த சத்தமாகவே ஜாஸ் அவர் காதில் விழுந்திருக்கிறது. அந்தத் தலைமுறை ஜெர்மன் இசைக்கலைஞர்கள் பலரிடமும் இதே கதையைக் கேட்கலாம்.

அப்புறம் குடும்பம் டுசல்டோர்ஃபில் குடியேறியது. அங்குள்ள ராபர்ட் ஷூமன் இசைப்பள்ளியில் 1947-லிருந்து பியானோவும் பிறகு கிளாரினெட்டும் முறையாகப் படித்தார். ஒலிப்பதிவுத் தொழில்நுட்பமும் படித்திருக்கிறார். இதைப் பலர் கவனிப்பதில்லை. பின்னாளில் ஸ்டூடியோவில் மின்னணு முறையில் ஒலி எழுப்பும் சிந்தசைசரையும் ஆர்கெஸ்ட்ராவையும் ஒன்றாகக் கையாள்வதற்கு இந்தப் படிப்பு நிச்சயம் உதவியிருக்கும்.

இசைப்பள்ளியில் பகலில் மேற்கத்திய சாஸ்திரிய இசை. மாலையில் டிக்ஸிலேண்ட் என்ற பழைய பாணி ஜாஸ். 1950-களின் தொடக்கத்தில் 'ஃபீட்வார்மர்ஸ்' என்ற குழுவில் சேர்ந்தார். கொஞ்ச நாளில் ஜாஸ் பியானோ கலைஞர் ஆஸ்கர் பீட்டர்சன் மீதிருந்த பிரியத்தில் 'ஆஸ்கர்ஸ் ட்ரியோ' என்று சொந்தக் குழு தொடங்கினார். 1960-ல் அமெரிக்கா போய் வாசித்தபோது நியூ ஆர்லியன்ஸ் நகரம் அவரைக் கௌரவக் குடிமகனாக்கியது. ஜாஸ் பிறந்த ஊர், 24 வயது ஜெர்மன்காரருக்குத் தந்த மரியாதை.

ஜாஸ்காரர் சினிமாவுக்குள் எப்படி வந்தார்?

ஒரே நாளில் வரவில்லை. 1963-ல் 'ஜாஸ் மேட் இன் ஜெர்மனி' என்ற இசைத்தட்டு வந்தது. தயாரித்தவர் ஸீகி லோக். பின்னாளில் ஆக்ட் என்ற ஜாஸ் நிறுவனத்தைத் தொடங்கியவர். தட்டின் பெயரிலேயே ஓர் அறிவிப்பு இருக்கிறது: அமெரிக்கர்களை அப்படியே வாசித்துக்காட்டும் காலம் போதும், இது எங்கள் ஊரில் செய்தது.

ஜாஸ் மட்டும் வாசித்துக் குடும்பம் நடத்துவது அன்றைய மேற்கு ஜெர்மனியில் எளிதில்லை. அதனால் விளம்பரங்களுக்கு இசையமைத்தார். 'பால் நீரோ' என்ற புனைபெயரில் நடன இசைத்தட்டுகள் போட்டார். தீவிர ஜாஸ் ரசிகர்கள் முகம் சுளிப்பார்கள் என்பதால்தான் புனைபெயர். இந்த விளம்பர வேலையை நான் சாதாரணமாக எண்ணவில்லை. அரை நிமிடத்துக்குள் ஒரு மெட்டைத் தொடங்கி, மனதில் பதிய வைத்து, முடித்துவிட வேண்டும். டாட்டோர்ட்டுக்குத் தேவைப்பட்ட பயிற்சி அதேதான்.

1960-களின் கடைசியில் ஜெர்மன் சினிமாவில் புது அலை எழுந்தது. இளம் இயக்குநர்கள் பழைய ஸ்டூடியோ ஆர்கெஸ்ட்ரா இசையை விரும்பவில்லை. கிளப்புகளில் வாசிக்கும் தங்கள் வயதுக்காரர்களைத் தேடினார்கள். ஃபோல்க்கர் ஷ்லோன்டோர்ஃப் 1970-ல் நாடகாசிரியர் ப்ரெக்டின் 'பால்' நாடகத்தைப் படமாக்கியபோது இசை டோல்டிங்கர். கதாநாயகனாக நடித்தவர் இயக்குநர் ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டர். ப்ரெக்டின் மனைவி ஹெலனே வைகலுக்குப் படம் பிடிக்காததால் அதன் திரையிடலுக்குத் தடை வந்தது. 40 ஆண்டுகளுக்கு மேல் பெட்டிக்குள் கிடந்துவிட்டு 2014-ல்தான் மறுபடி வெளியே வந்தது. ஷ்லோன்டோர்ஃபின் அடுத்த ஆண்டுப் படமான கொம்பாக் விவசாயிகளின் கொள்ளைக் கதைக்கும், 1978-ல் மார்கரெட்டே ஃபோன் ட்ரோட்டா தனியாக இயக்கிய முதல் படத்துக்கும் இவரே இசை.

டாட்டோர்ட் என்பது என்ன? அதற்கு ஏன் இவ்வளவு பேச்சு?

1970 நவம்பர் 29-ல் தொடங்கி இன்றும் ஓடிக்கொண்டிருக்கும் துப்பறியும் தொடர். பெயருக்குக் 'குற்றம் நடந்த இடம்' என்று பொருள். ஞாயிறு இரவு 8 மணிக்குச் செய்தி, 8.15-க்கு டாட்டோர்ட். இது ஜெர்மனியில் பல வீடுகளில் தலைமுறை கடந்த வழக்கம். சிலர் மதுக்கடைகளில் கூட்டமாக உட்கார்ந்து பார்ப்பார்கள். ஒவ்வொன்றும் 90 நிமிடத் தனிக்கதை. 1,200-க்கும் மேல் வந்துவிட்டன.

இதன் அமைப்பு விசித்திரமானது. ஏஆர்டி என்பது பல மாநில ஒலிபரப்பு நிலையங்கள் சேர்ந்த கூட்டமைப்பு. ஒவ்வொரு நிலையமும் தன் ஊரில், தன் துப்பறிவாளர்களை வைத்துப் படம் எடுத்துத் தரும். இந்த வாரம் ஹாம்பர்க், அடுத்த வாரம் மியூனிக், அதற்கடுத்த வாரம் கொலோன். ஆஸ்திரியாவும் சுவிட்சர்லாந்தும்கூடச் சேர்ந்துகொண்டன. இயக்குநர் வேறு, நடிகர்கள் வேறு, பேச்சு வழக்கு வேறு, சிரிப்புப் படமா இருண்ட படமா என்பதும் வேறு. எல்லாவற்றுக்கும் பொதுவாக இருப்பது தொடக்கத்தில் வரும் அரை நிமிட டைட்டில்தான். அந்த இசை ஒலித்தால்தான் அது டாட்டோர்ட்.

அந்த அரை நிமிடத்தில் அப்படி என்ன இருக்கிறது?

முதலில் படத்தைப் பாருங்கள். ஒரு ஜோடிக் கண்கள். கண்ணைச் சுற்றிக் குறிபார்க்கும் வட்டமும் குறுக்குக் கோடுகளும் விழுகின்றன. கைகள் முகத்துக்கு முன்னால் உயர்ந்து தடுக்கின்றன. பிறகு ஈரமான தார்த்தரையில் ஓடும் கால்கள். கைரேகைக் கோடுகள் சுழன்று விரிகின்றன. கண்ணும் காலும் ஹோர்ஸ்ட் லெட்டன்மயர் என்ற நடிகருடையவை. ஓடும் காட்சியை மியூனிக்கின் பழைய ரீம் விமான நிலையத்தில் எடுத்தார்கள். அவருக்குக் கிடைத்த சம்பளம் 400 மார்க் (அன்றைய ஜெர்மன் நாணயம்), ஒரே ஒரு முறை. வடிவமைத்தவர் கிறிஸ்டினா போட்ரிஷ்-மெர்ஜனோவா.

இப்போது இசை. தொடக்கத்தில் அடி அடியாக விழும் எச்சரிக்கைச் சத்தம். அதற்குப் பிறகு டிரம்ஸ் ஓடத் தொடங்குகிறது. பேஸ் கிட்டார் ஒரே வடிவத்தைப் பிடிவாதமாகத் திருப்பித் திருப்பி வாசிக்க, அதன் மேல் மெட்டு ஏறி வருகிறது. ஓடுகிறவனின் மூச்சும் காலும் எந்த வேகத்தில் இருக்குமோ அந்த வேகம். இது ஒரு ஜாஸ்-ராக் குழு ஒன்றாக உட்கார்ந்து வாசித்த இசை என்பது முதல் கேட்பிலேயே தெரிகிறது. தாளத்தை மனிதர்கள் இழுத்துப் பிடித்திருக்கிறார்கள். முதல் பதிவில் டிரம்ஸ் வாசித்தவர் உடோ லின்டன்பர்க். அன்று அவர் பெயர் தெரியாத டிரம்மர். சில ஆண்டுகளில் ஜெர்மன் மொழி ராக் இசையின் பெரிய நட்சத்திரமானார்.

டைட்டில் இசைக்கு இன்னொரு வேலையும் உண்டு. சமையலறையில் இருப்பவரையும் பக்கத்து அறையில் இருப்பவரையும் டிவி முன்னால் வரவழைக்க வேண்டும். சத்தமாக இருந்தால் மட்டும் போதாது, முதல் ஒரு வினாடியிலேயே அடையாளம் தெரிய வேண்டும். பலர் மெட்டை மட்டும் நம்பி இதைச் செய்யப் பார்ப்பார்கள். டோல்டிங்கர் மெட்டு வருவதற்கு முன்பே, அந்த முதல் அடிகளிலேயே வேலையை முடித்துவிட்டார்.

50 வருடமாக அதே இசையா? யாரும் மாற்றச் சொல்லவில்லையா?

சிறு மாற்றங்கள் உண்டு. ஒலித்தரத்துக்காகவும் காலத்துக்கேற்ற வாத்தியங்களுக்காகவும் டோல்டிங்கரே புதுப்பித்துத் தந்திருக்கிறார். மெட்டும் தாளமும் அசையவில்லை. 2011-ல் நடிகர் டில் ஷ்வைகர் ஹாம்பர்க் துப்பறிவாளராக ஒப்பந்தமானபோது, இந்த டைட்டில் பழசாகிவிட்டது என்று சொல்லப் போய்ப் பெரிய எதிர்ப்பைச் சம்பாதித்தார். டைட்டில் அப்படியே இருக்கிறது. 2016 நவம்பரில் வந்த 1000-வது படத்துக்கு, முதல் படத்தின் தலைப்பான 'லைப்ஸிக்குக்கு ஒரு டாக்ஸி' என்பதையே மறுபடி வைத்தார்கள். அதற்கும் இதே இசைதான்.

அப்படியென்றால் எல்லா டாட்டோர்ட் படங்களுக்கும் பின்னணி இசை இவருடையதா?

இல்லை. நிறையப் பேர் இப்படி நினைத்துக்கொண்டிருக்கிறார்கள். டைட்டில் இசைதான் இவருடையது. படத்துக்குள் வரும் ரீரெக்கார்டிங்கை ஒவ்வொரு முறையும் வெவ்வேறு இசையமைப்பாளர்கள் செய்கிறார்கள்.

ஒவ்வொரு ஞாயிறும் ஒலிக்கிறதே, கோடீஸ்வரர் ஆகியிருப்பாரே?

தொகை பற்றி வரும் வதந்திகளை நம்ப வேண்டாம். நடைமுறையை மட்டும் சொல்கிறேன். ஜெர்மனியில் கெமா என்ற அமைப்பு இருக்கிறது. டிவி, ரேடியோ, கச்சேரி அரங்கு என்று இசை ஒலிக்கும் இடங்களிலிருந்து கட்டணம் வாங்கி, இசையமைப்பாளர்களுக்கும் பாடலாசிரியர்களுக்கும் பிரித்துக் கொடுக்கும். எத்தனை நிமிடம், எந்த நிலையம், என்ன வகைப் பயன்பாடு என்பதைப் பொறுத்துப் பங்கு மாறும். அரை நிமிட டைட்டிலுக்கு அரை நிமிடத்துக்கு உரிய பங்குதான். ஆனால் அது பல பத்தாண்டுகள் தொடர்ந்து வரும். ஒரே முறை 400 மார்க் வாங்கிய நடிகருக்கும் இவருக்கும் உள்ள வித்தியாசம் இதுதான். கெமாவின் மேற்பார்வைக் குழுவில் டோல்டிங்கர் நீண்ட காலம் இருந்தார். படைப்பாளியின் உரிமைக்காகப் பேசுவதைத் தன் வேலைகளில் ஒன்றாகவே வைத்திருந்தவர்.

பாஸ்போர்ட் என்ற குழுவைப் பற்றிச் சொல்லுங்கள்.

1971-ல் தொடங்கிய ஜாஸ்-ராக் குழு. முதல் தட்டில் ஓலாஃப் கூப்ளர், ஜிம்மி ஜாக்சன், லோட்டார் மைட், மேலே சொன்ன உடோ லின்டன்பர்க். கொஞ்ச காலத்தில் ஆட்கள் மாறி, கீபோர்டில் கிறிஸ்டியன் ஷூல்ட்ஸே, பேஸில் வொல்ஃப்காங் ஷ்மிட், டிரம்ஸில் கர்ட் க்ரெஸ் என்று ஒரு நிலையான அணி அமைந்தது. 'லுக்கிங் த்ரூ', 'கிராஸ் கொலாட்டரல்', 'இன்ஃபினிட்டி மெஷின்' எல்லாம் அந்த அணியின் வேலை. அட்லாண்டிக் நிறுவனம் வெளியிட்டதால் அமெரிக்காவிலும் விற்றது. வெதர் ரிப்போர்ட் என்ற அமெரிக்க ஜாஸ்-ராக் குழுவோடு ஒப்பிட்டுப் பேசுவார்கள். அந்த அளவு நுணுக்கம் பாஸ்போர்ட்டில் இல்லை என்பது என் எண்ணம். ஆனால் மெட்டு இருக்கிறது. ஒருமுறை கேட்டால் திரும்ப முணுமுணுக்கலாம். ஜாஸ்-ராக்கில் அது அபூர்வம்.

போன ஊர்களின் இசையையும் உள்ளே விடுவார். பிரேசில் போய் வந்து 1977-ல் 'இகுவாசு', மொராக்கோ இசைக்கலைஞர்களோடு 2006-ல் 'பாஸ்போர்ட் டு மொராக்கோ'. ஜெர்மன் கலாசார அமைப்பான கெத்தே இன்ஸ்டிடியூட் 1960-களிலேயே இவர் குழுவை மத்திய கிழக்கு, தென் அமெரிக்கா, ஆசியா என்று அனுப்பியிருந்தது. அந்தப் பயணங்களின் பலன் பிற்பாடு தெரிகிறது.

திரை இசைக்கும் பாஸ்போர்ட்டுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்கலாம். 1970-கள் முழுவதும் மூக், ஆர்ப் போன்ற சிந்தசைசர்களை அவர் மேடையில் பழகினார். எந்தச் சத்தம் சாக்ஸபோனோடு ஒட்டும், எது தாளத்தை மூழ்கடிக்கும் என்பதெல்லாம் கூட்டத்துக்கு முன்னால் வாசித்து வாசித்துத் தெரிந்துகொண்டது. அடுத்த கேள்விக்கான பதில் அங்கேதான் தொடங்குகிறது.

'டாஸ் போட்' இசையைப் பலரும் அவருடைய சிறந்த வேலை என்கிறார்கள். சரிதானா?

சரிதான், எனக்கு அதில் சந்தேகமே இல்லை.

முதலில் படம். லோட்டார்-குண்டர் புக்ஹைம் இரண்டாம் உலகப் போரில் போர்ச் செய்தியாளராக யு 96 என்ற நீர்மூழ்கியில் போனவர். அந்த அனுபவத்தை வைத்து 1973-ல் நாவல் எழுதினார். வொல்ஃப்காங் பீட்டர்சன் அதை மியூனிக்கின் பவேரியா ஸ்டூடியோவில் படமாக்கினார். 1981 செப்டம்பரில் தியேட்டருக்கு வந்தது. பிறகு நீண்ட டிவி தொடராகவும், 1997-ல் மூன்றரை மணி நேர இயக்குநர் பதிப்பாகவும் வந்தது. செய்தியாளராக நடித்தவர் ஹெர்பர்ட் க்ரோனமயர். அவரே பின்னாளில் ஜெர்மனியின் மிகப் பெரிய ராக் பாடகர்களில் ஒருவரானார். இருந்தும் படத்துக்கு இசை டோல்டிங்கர்.

தொடக்கக் காட்சி: 40,000 ஜெர்மன் மாலுமிகள் நீர்மூழ்கிகளில் போனார்கள், 30,000 பேர் திரும்பவில்லை என்று எழுத்து. அப்புறம் கலங்கிய பச்சைத் தண்ணீர். எதுவும் தெரியவில்லை. மெதுவாக ஒரு கறுப்பு உருவம் நம்மை நோக்கி வருகிறது. கீழ்ச்சுரத்தில் ஒரே வடிவம் இயந்திரம் மாதிரி ஓட, அதற்கு மேல் அகலமான ஒரு மெட்டு மெல்ல எழுகிறது. நடுவே 'டிங்' என்று சோனார் ஒலி.

அந்த 'டிங்' முக்கியம். படத்தின் பிற்பகுதியில் பிரிட்டிஷ் போர்க்கப்பல்கள் மேலே நின்று நீர்மூழ்கியைத் தேடும். அவை அனுப்பும் ஒலி அலை கப்பலின் உடலில் பட்டுத் தெறிக்கும் சத்தம் உள்ளே இருப்பவர்களுக்குக் கேட்கும். அது நெருங்க நெருங்க அடுத்து வெடிகுண்டுதான். டோல்டிங்கர் அந்தச் சத்தத்தைக் கதையில் வருவதற்கு வெகு முன்பே, டைட்டில் இசையின் ஒரு வாத்தியமாகவே ஆக்கிவிட்டார். ஆபத்து என்னவென்று நமக்குத் தெரியும் முன்பே அதன் ஒலி காதில் ஏறிவிடுகிறது. நிஜமான தேடல் வரும்போது அவர் இசையை எடுத்துவிடுகிறார். ஆண்கள் அண்ணாந்து பார்த்தபடி, வியர்வை வழிய, பேசாமல் நிற்கிறார்கள். 'டிங்' மட்டும் இருக்கிறது. டைட்டிலில் கேட்ட இசையில் மீதமிருப்பது அது ஒன்றுதான். எப்போது வாசிக்கக் கூடாது என்பதைக் குழுவில் வாசித்துப் பழகியவர்கள் நன்றாக அறிவார்கள். அடுத்தவர் தனி ஆவர்த்தனம் வாசிக்கும்போது ஒதுங்கி நிற்பது அவர்களுக்கு அன்றாட வேலை. இங்கே தனி ஆவர்த்தனத்தை அவர் சோனாருக்குக் கொடுத்துவிட்டார்.

ஜிப்ரால்டர் ஜலசந்தியில் நடக்கும் பகுதியையும் சொல்ல வேண்டும். தாக்கப்பட்ட கப்பல் மூழ்கி மூழ்கி, கருவியின் முள் எல்லையைத் தாண்டி, 280 மீட்டர் ஆழத்தில் கடலடியில் போய் உட்காருகிறது. போல்ட்டுகள் தோட்டா போலத் தெறிக்கின்றன. முள் இறங்குவதைப் பார்க்கும் முகங்களும் இரும்பு முனகும் சத்தமும் போதுமானவை. சாதாரண இசையமைப்பாளர் இங்கே ஆர்கெஸ்ட்ராவை முழுதாகத் திறந்துவிட்டிருப்பார்.

இன்னொன்று: படத்தில் மற்றவர்களின் பாட்டுகளும் உண்டு. மாலுமிகள் எதிரி நாட்டின் 'டிப்பரெரி' பாட்டை இசைத்தட்டோடு சேர்ந்து கத்திப் பாடுவார்கள். ரீனா கெட்டியின் பழைய பிரெஞ்சுப் பாட்டும் ஒலிக்கும். தன் இசைக்கும் இந்தத் தட்டுகளுக்கும் நடுவில் டோல்டிங்கர் இடம் விட்டிருக்கிறார். மோதல் இல்லை.

அந்த இசைக்கு ஆஸ்கர் கிடைத்ததா?

இல்லை. படத்துக்கு 6 ஆஸ்கர் பரிந்துரைகள் வந்தன: இயக்கம், திரைக்கதை, ஒளிப்பதிவு, படத்தொகுப்பு, ஒலி, ஒலி விளைவுகள். இசை அதில் இல்லை. எனக்கு இன்றும் வருத்தம்தான்.

டிஸ்கோக்களில் போடும் 'டாஸ் போட்' அவர் செய்ததா?

மெட்டு அவருடையது, தட்டு அவருடையது இல்லை. யு96 என்ற பெயரில் அலெக்ஸ் கிறிஸ்டன்சனும் கூட்டாளிகளும் 1991-ல் செய்த டெக்னோ (மின்னணு நடன இசை) வடிவம் அது. ஜெர்மனியில் வாரக்கணக்கில் முதலிடத்தில் இருந்தது. போர்ப்படத்தின் இசைக்கு இளைஞர்கள் நடனமாடியது சிலருக்கு உறுத்தியது. எனக்கு அப்படித் தோன்றவில்லை. இயந்திரம் போல் ஓடும் கீழ்ச்சுரம் முதலிலிருந்தே அதில் இருந்தது. டெக்னோ அதைத்தான் எடுத்துக்கொண்டது.

'நெவர் எண்டிங் ஸ்டோரி' பாட்டு ஜார்ஜோ மொரோடர் போட்டதுதானே? டோல்டிங்கர் எங்கே வருகிறார்?

இந்தக் குழப்பம் நியாயமானது. இந்தப் படத்துக்கு இரண்டு இசை வடிவங்கள் உண்டு.

மிகயேல் எண்டேயின் நாவலை பீட்டர்சன் 1984-ல் படமாக்கினார். தயாரிப்பு பெர்ண்ட் ஐக்கிங்கர். எண்டேக்குப் படம் அறவே பிடிக்கவில்லை, தன் பெயரை எடுக்கச் சொன்னார் என்பது வேறு கதை. முழுப் படத்துக்கும் டோல்டிங்கர் ஆர்கெஸ்ட்ரா இசை எழுதிப் பதிவு செய்தார். ஜெர்மனியில் வெளியான படத்தில் இருப்பது அது மட்டுமே. அமெரிக்காவுக்கும் மற்ற நாடுகளுக்கும் போன பதிப்பைக் கொஞ்சம் குறைத்து வெட்டினார்கள். இத்தாலிய இசையமைப்பாளர் மொரோடரிடம் சொல்லிச் சில காட்சிகளுக்கு சிந்தசைசர் இசை புதிதாகப் போட்டார்கள். பிரிட்டிஷ் பாடகர் லிமால் பாடிய டைட்டில் பாட்டும் அப்போது சேர்ந்ததுதான். பாட்டு உலகம் முழுக்க ஹிட். 2019-ல் 'ஸ்ட்ரேஞ்சர் திங்ஸ்' தொடரின் மூன்றாம் பருவத்தில் இரண்டு பிள்ளைகள் அதைப் பாடியதும் மறுபடி பரவியது. இசைத்தட்டில் ஒரு பக்கம் மொரோடர், மறுபக்கம் டோல்டிங்கர்.

ஆக, ஜெர்மனியில் தியேட்டரில் பார்த்த குழந்தைக்கும் அமெரிக்காவில் பார்த்த குழந்தைக்கும் படத்தின் தொடக்கமே வேறு. கதையின் இளம் வீரன் அட்ரேயுவின் குதிரை சேற்றில் மூழ்கும் காட்சியை இரண்டு பதிப்பிலும் பாருங்கள். மொரோடரின் சிந்தசைசர் அந்தச் சேற்றையே ஒலியாக்கிப் பயமுறுத்துகிறது, நன்றாகவே இருக்கிறது. ஆனால் படம் முழுதையும் ஒரே மனிதர் கோத்த விதத்தை ஜெர்மன் பதிப்பில்தான் உணர முடிகிறது. சோகத்துக்கு வந்த மெட்டு, கதையைப் படிக்கும் சிறுவன் பாஸ்டியன் டிராகன் மேலேறிப் பறக்கும்போது எப்படி விலகிப் புது மெட்டுக்கு வழி விடுகிறது என்பது அங்கேதான் தெளிவாகத் தெரியும். மொரோடர் மேல் எனக்குக் குறை இல்லை. டோல்டிங்கர் இசையை உலகம் முழுதாகக் கேட்கவில்லை என்பதுதான் ஆதங்கம்.

டிவியில் வேறு என்ன செய்திருக்கிறார்?

'ஐன் ஃபால் ஃபூர் ட்ஸ்வை' என்ற, ஒரு வழக்கறிஞரும் தனியார் துப்பறிவாளரும் சேர்ந்து வழக்குகளைத் தீர்க்கும் தொடரின் டைட்டில் இசை. இது 1981 செப்டம்பர் 11-ல் இசட்டிஎஃப் நிலையத்தில் தொடங்கியது. டாஸ் போட் அதே மாதம் தியேட்டருக்கு வந்தது. ஆக, அந்த மாதம் டிவியில் ஒரு டோல்டிங்கர், தியேட்டரில் ஒரு டோல்டிங்கர். 1986-ல் தொடங்கிய 'லீப்ளிங் க்ரொய்ட்ஸ்பெர்க்' தொடருக்கும் இசையமைத்தார். மான்ஃப்ரெட் க்ரூக் பெர்லின் வழக்கறிஞராக நடித்தது.

பீட்டர்சன் ஹாலிவுட் போனபோது இவரும் போயிருக்கலாமே?

போகவில்லை. பீட்டர்சனின் அடுத்த படங்களுக்கு மோரிஸ் ஜார், என்னியோ மோரிக்கோனி, ஜெர்ரி கோல்ட்ஸ்மித், ஜேம்ஸ் ஹார்னர் என்று பெரிய பெயர்கள் வந்தன. ஃபிராங்க்ஃபர்ட்டில் பிறந்த ஹான்ஸ் சிம்மர் லண்டன் வழியாக லாஸ் ஏஞ்சலஸ் போய் அங்கேயே ஊன்றினார். மியூனிக்காரர் ஹரோல்ட் ஃபால்டர்மயர் 'பெவர்லி ஹில்ஸ் காப்' இசையோடு அமெரிக்காவில் புகழ் பெற்றார். டோல்டிங்கர் 1960-களின் இறுதியிலேயே மியூனிக்குக்குத் தெற்கே இக்கிங் என்ற கிராமத்தில் வீடு போட்டுக் கடைசிவரை அங்கேதான் இருந்தார். ஆங்கிலப் படங்களுக்கு இசையமைத்திருக்கிறார், 1998-ல் ஷ்லோன்டோர்ஃபின் 'பால்மெட்டோ' அதில் ஒன்று. ஆனால் ஹாலிவுட்டில் ஊன்ற வேண்டுமென்றால் ஆண்டு முழுக்க ஸ்டூடியோவில் கிடக்க வேண்டும், குழுவைக் கலைக்க வேண்டும். பாஸ்போர்ட்டை அவர் கலைக்கவில்லை. நான் அந்த முடிவை மதிக்கிறேன்.

கடைசி ஆண்டுகளில் என்ன செய்தார்?

வாசித்தார். 80 வயதான 2016-ல் 'டோல்டிங்கர்' என்ற தட்டில் உடோ லின்டன்பர்க்கும் நகைச்சுவைக் கலைஞர் ஹெல்கே ஷ்னைடரும் விருந்தினர்கள். 2020-ல் 'மதர்ஹுட்': 1960-களின் கடைசியில் அதே பெயரில் தான் வைத்திருந்த குழுவின் பாட்டுகளை மறுபடி எடுத்து வாசித்த தட்டு. 2022-ல் தன்வரலாறு வந்தது. 1960-ல் திருமணம் செய்துகொண்ட மனைவி இங்கெ (Inge) கடைசிவரை உடனிருந்தார்.

எதிலிருந்து கேட்கத் தொடங்கலாம்?

டாட்டோர்ட் டைட்டிலை எப்படியும் கேட்டுவிடுவீர்கள், அரை நிமிடம்தானே. அடுத்து 'இன்ஃபினிட்டி மெஷின்'. அதைக் கேட்டுவிட்டு டாஸ் போட் இசைத்தட்டுக்குப் போனால், அந்த சிந்தசைசர் எந்த வீட்டிலிருந்து வந்தது என்று காது சொல்லிவிடும். பழைய ஜாஸ் பிடிக்கும் என்றால் 1963-ன் 'ஜாஸ் மேட் இன் ஜெர்மனி'.

டாஸ் போட் படத்தை இசைக்காகப் பார்ப்பதென்றால் 1997 பதிப்பை எடுங்கள், ஜெர்மன் ஒலியோடு. போன் ஸ்பீக்கர் வேண்டாம். கீழ்ச்சுரங்கள் அதில் அடிபட்டுப் போகும். நெவர் எண்டிங் ஸ்டோரிக்கு வாங்கும் முன் டிஸ்க்கில் இருப்பது ஜெர்மன் பதிப்பா என்று பார்த்துக்கொள்ளுங்கள். ஆங்கிலப் பதிப்பில் ஜெர்மன் டப்பிங் மட்டும் சேர்த்திருந்தால், படம் தொடங்கியதும் லிமால் பாடுவார்.